வாக்குரிமை 1870-இலேயே சட்டத்தில் இருந்ததென்றால், 1965 வரை எதற்காகப் போராடினார்கள்?

கேள்வி: ஆசிரியை, பத்தாங் பெர்ஜுந்தை

அனைவருக்கும் வணக்கம். எங்கள் ஊர் மண்டபத்தில் சனிக்கிழமை மாலைகளில் ஆறாம் படிவ மாணவர்களுக்கும் வேலைக்குப் போகும் இளைஞர்களுக்கும் வரலாற்று வகுப்பு ஒன்றை நடத்தி வருகிறேன். வருபவர்களில் பெரும்பாலோர் சுற்று வட்டாரச் செம்பனைத் தோட்டங்களைச் சேர்ந்த பிள்ளைகள். சென்ற வாரம் அமெரிக்கக் கறுப்பின மக்களின் வாக்குரிமைப் போராட்டத்தைப் பற்றிப் பேசினோம். 1965 மார்ச் 7 ஞாயிற்றுக்கிழமை அன்று, அலபாமா மாநிலத்தின் செல்மா நகரில், ஏறத்தாழ 600 பேர் எட்மண்ட் பெட்டஸ் பாலத்தைக் கடந்து வந்தபோது மாநிலக் காவலர்கள் தடியாலும் கண்ணீர்ப் புகையாலும் அவர்களைத் தாக்கிய படத்தைத் திரையில் காட்டினேன். வகுப்பு அமைதியாகிவிட்டது.

பிறகு ஒரு மாணவன் எழுந்து, "வாக்காளராகப் பதிந்துகொள்வதற்கு எதற்காக ஊர்வலம் போக வேண்டும், டீச்சர்? பதினெட்டு வயதானால் பெயர் தானாகவே ஏறிவிடாதா?" என்று கேட்டான். அவன் கேட்டதில் தவறில்லை. நம் நாட்டில் 2021 டிசம்பர் 15 முதல் தானியங்கிப் பதிவு நடைமுறைக்கு வந்துவிட்டதால், இந்த வயதுப் பிள்ளைகள் பதிவுப் பாரத்தைக் கண்ணால் கூடப் பார்த்ததில்லை. அமெரிக்காவில் அப்படி இல்லை, ஒவ்வொருவரும் தாமே சென்று பதிய வேண்டும் என்று விளக்கினேன். உடனே இன்னொரு மாணவி, 1870-இல் வந்த பதினைந்தாம் சட்டத் திருத்தம் கறுப்பின ஆண்களுக்கு வாக்குரிமை தந்துவிட்டதாகப் பாடநூலில் இருக்கிறதே, இடையிலுள்ள 95 ஆண்டுகளில் என்னதான் நடந்தது என்று கேட்டாள். அதற்கு நான் சொன்ன பதில் எனக்கே நிறைவளிக்கவில்லை.

ஒரு பாரத்தை நிரப்பிக் கொடுப்பது எப்படி உயிரைப் பணயம் வைக்கும் செயலாக மாறியது என்பதை இந்தப் பிள்ளைகளுக்குப் புரியும்படி சொல்ல வேண்டும். அறிந்தவர்கள் உதவுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

---

பதில் 1: ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், கோல சிலாங்கூர்

ஆசிரியை அவர்களுக்கு வணக்கம். அந்த மாணவியின் கேள்விக்கு விடை, திருத்தத்தின் சொற்களிலேயே இருக்கிறது. பதினைந்தாம் திருத்தம் யாருக்கும் நேரடியாக வாக்குரிமை வழங்கவில்லை. இனம், நிறம், முன்பு அடிமையாக இருந்த நிலை ஆகியவற்றைக் காரணமாகக் காட்டி வாக்குரிமையை மறுக்கக் கூடாது என்று மட்டுமே அது சொல்கிறது. வேறு காரணத்தைக் காட்டி மறுக்கலாமா என்பதைப் பற்றி அதில் ஒரு சொல்லும் கிடையாது. 1877-இல் கூட்டரசுப் படைகள் தென் மாநிலங்களின் அரசியலிலிருந்து விலக்கிக்கொள்ளப்பட்ட பிறகு, அந்த மாநிலங்கள் இந்த இடைவெளியைப் பொறுமையாகப் பயன்படுத்திக்கொண்டன. மிசிசிப்பி 1890-இல் புதிய மாநில அரசியலமைப்பை எழுதியது. மற்ற மாநிலங்கள் அதன் அடியொற்றி நடந்தன. அந்தச் சட்டங்களில் கறுப்பர் என்ற சொல்லைத் தேடினாலும் கிடைக்காது. தலைவரி (வாக்களிக்க ஆளுக்கு இவ்வளவு என்று கட்ட வேண்டிய வரி) கட்டியிருக்க வேண்டும், எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும், நன்னடத்தை உள்ளவராக இருக்க வேண்டும் என்று எல்லாருக்கும் பொதுவான விதிகளைப் போலவே அவை தோற்றமளித்தன.

விளைவு என்னவென்று பாருங்கள். லூசியானாவில் 1896-இல் 1,30,000-க்கும் மேற்பட்ட கறுப்பின வாக்காளர்கள் பதிந்திருந்தார்கள். 1904-இல் அந்த எண்ணிக்கை 1,342. எட்டே ஆண்டுகளில் ஒரு சமூகத்தின் அரசியல் இருப்பு பேனா முனையால் அழிக்கப்பட்டுவிட்டது. அதே மாநிலம் 1898-இல் செய்த இன்னொரு சூழ்ச்சியையும் சொல்லிவிடுகிறேன்: 1867 ஜனவரி 1-க்கு முன் வாக்குரிமை பெற்றிருந்தவர்களின் பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் எழுத்தறிவு விதியிலிருந்து விலக்கு அளிக்கப்பட்டது. அந்த நாளில் அங்கே கறுப்பர்கள் வாக்களிக்க முடியாது என்பதால், விலக்கு யாருக்குக் கிடைத்தது என்பதை விளக்க வேண்டியதில்லை. இத்தகைய விதியை 1915-இல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்று அறிவித்தது. ஆனால் மற்ற தடைகள் அப்படியே நின்றன.

நீங்கள் ஆசிரியை என்பதால் எழுத்தறிவுத் தேர்வைப் பற்றிச் சற்று விரிவாக எழுதுகிறேன். நம் மாணவர்கள் தேர்வு என்றால் வினாத்தாளும் விடைக்குறிப்பும் மதிப்பெண்ணும் இருக்கும் என்று நினைப்பார்கள். மிசிசிப்பியில் விண்ணப்பதாரர் மாநில அரசியலமைப்பின் 285 பிரிவுகளில் ஒன்றைப் பார்த்து எழுதி, அதன் பொருளைத் தம் சொற்களில் விளக்க வேண்டும். எந்தப் பிரிவு என்பதைத் தீர்மானிப்பவர் பதிவாளர். விளக்கம் சரியா என்று முடிவு செய்பவரும் அவரே. வெள்ளையர் வந்தால் ஒரு வரியில் முடியும் எளிய பிரிவைக் கொடுப்பதும், கறுப்பர் வந்தால் வழக்கறிஞரே தடுமாறும் பிரிவைக் கொடுப்பதும் அவருடைய விருப்பம். இப்படி நடந்த தேர்வில் பட்டதாரி ஆசிரியர்களும் தோற்றார்கள்.

செல்மா அமைந்துள்ள டல்லஸ் மாவட்டத்தில் வாக்களிக்கும் வயதுடைய கறுப்பின மக்கள் ஏறத்தாழ 15,000 பேர் இருந்தார்கள். 1965 தொடக்கத்தில் பதிந்திருந்தவர்கள் முந்நூறு பேர் அளவில்தான். பதிவு அலுவலகம் மாதத்தில் இரண்டு திங்கட்கிழமைகள் மட்டுமே திறந்திருக்கும். முன்பே பதிந்த வாக்காளர் ஒருவர் வந்து விண்ணப்பதாரருக்காக உறுதி கூறவும் வேண்டும். அந்த ஆண்டு ஜனவரி 22 அன்று நூற்றுக்கும் மேற்பட்ட கறுப்பின ஆசிரியர்கள் பள்ளி முடிந்ததும் நல்லுடை அணிந்து, சிலர் பல் துலக்கும் தூரிகையைக் கையில் பிடித்தபடி, நீதிமன்றப் படிகளுக்கு நடந்து சென்றார்கள். சிறைக்குப் போகவும் ஆயத்தமாகவே வந்திருக்கிறோம் என்பதற்கு அந்தத் தூரிகையே அடையாளம். வகுப்பறையில் குடியியல் பாடம் நடத்தும் ஆசிரியருக்கே வாக்கு இல்லை என்ற நிலையை உங்கள் வகுப்பில் நீங்களே நின்று சொல்லும்போது அது பிள்ளைகளின் மனத்தில் பதியும் என்று நம்புகிறேன்.

---

பதில் 2: தோட்டத்துப் பிள்ளை

வணக்கம் டீச்சர். தலைமையாசிரியர் ஐயா சட்டத்தைத் தெளிவாகச் சொல்லிவிட்டார். உயிரைப் பணயம் வைக்கும் செயலாக அது எப்படி மாறியது என்ற உங்கள் இரண்டாவது கேள்விக்கு, தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவள் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

எனக்குப் பன்னிரண்டு வயதிருக்கும்போது என் தகப்பனாருக்கு நெஞ்சு வலி வந்து, பால்மரம் வெட்ட முடியாமல் போயிற்று. அம்மாவும் ஒரு வருடத்திற்கு முன்பே வேலையிலிருந்து நின்றிருந்தார். வீட்டில் தோட்டத்து வேலையில் யாரும் இல்லை என்றதும், மாத முடிவுக்குள் லயத்து வீட்டைக் காலி செய்யச் சொல்லி ஆபீசிலிருந்து தாள் வந்தது. அந்தத் தாளை அப்பா படிக்கவில்லை. மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, கொல்லையில் தாம் நட்ட முருங்கை மரத்தடியில் இருட்டும் வரை உட்கார்ந்திருந்தார். வேலையும் கூரையும் ஒரே கையில் இருந்தால் ஒரு குடும்பம் எவ்வளவு அடங்கி வாழ வேண்டியிருக்கும் என்பதை அன்று கற்றுக்கொண்டேன். அதனால்தான் ஃபேனி லூ ஹேமர் அம்மையாரின் கதையைப் படித்தபோது எனக்கு அது தொலைவிலுள்ள நாட்டின் கதையாகத் தோன்றவில்லை.

அவர் 1917-இல் மிசிசிப்பியில் பிறந்தவர். இருபது பிள்ளைகளில் கடைக்குட்டி. ஆறு வயதிலேயே பருத்தி எடுக்கத் தொடங்கினார். பிறகு ரூல்வில் என்ற சிற்றூருக்கு அருகிலிருந்த ஒரு பருத்தித் தோட்டத்தில் கணவரோடு பதினெட்டு ஆண்டுகள் உழைத்தார். அங்கே அவர் வேலையாட்களின் நேரக்கணக்கையும் எழுதினார். நம் தோட்டங்களில் காலைப் பெரட்டில் பேர் போடுவார்களே, ஏறக்குறைய அந்தப் பொறுப்பு. கறுப்பர்களும் பதிந்து வாக்களிக்கலாம் என்பதே 1962-இல் தேவாலயத்தில் நடந்த ஒரு கூட்டத்தில்தான் அவருக்குத் தெரிய வந்தது. அப்போது அவருக்கு வயது 44.

அந்த ஆண்டு ஆகஸ்ட் 31 அன்று இன்னும் பதினேழு பேரோடு ஒரு பழைய பேருந்தில் இண்டியனோலா நகரத்துக்குச் சென்றார். பாரத்தில் பெயர், முகவரி, எந்த முதலாளியிடம் வேலை செய்கிறார் என்பதெல்லாம் எழுத வேண்டும். இந்த இடத்தில் உங்கள் பிள்ளைகளைச் சற்று நிறுத்தி யோசிக்கச் சொல்லுங்கள். முதலாளியின் பெயரைக் கேட்கும் பாரம், அந்த முதலாளியின் காதுக்குச் செய்தி கொண்டுபோகும் பாரம். போதாததற்கு, விண்ணப்பித்தவர்களின் பெயர்களை உள்ளூர்ச் செய்தித்தாளில் இரண்டு வாரம் வெளியிட வேண்டும் என்று மிசிசிப்பி அதே ஆண்டு சட்டம் இயற்றியது. அம்மையாருக்கு வந்த தேர்வுக் கேள்வி, நடைமுறைச் சட்டங்களைப் பற்றிய ஒரு பிரிவு. அவரால் பார்த்து எழுத முடிந்தது; விளக்க முடியவில்லை. திரும்பி வரும் வழியில் காவலர்கள் பேருந்தை மறித்து, அதன் மஞ்சள் நிறம் அளவுக்கு மீறி இருப்பதாகச் சொல்லி ஓட்டுநருக்கு அபராதம் விதித்தார்கள். பயணிகள் ஆளுக்குக் கொஞ்சம் போட்டு 30 டாலர் திரட்டிக் கொடுத்தார்கள்.

வீடு வந்து சேர்வதற்குள் செய்தி வந்து சேர்ந்துவிட்டது. பதிவை விலக்கிக்கொள், இல்லையென்றால் வெளியேறு என்றார் தோட்ட முதலாளி. "நான் உங்களுக்காகப் பதியப் போகவில்லை, எனக்காகப் பதியப் போனேன்" என்பது அவர் சொன்ன பதில். அன்றிரவே அவர் தோட்டத்தை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. கணவரோ அறுவடை முடியும்வரை அங்கேயே இருந்து உழைக்க வேண்டியிருந்தது. பத்து நாள் கழித்து, அவர் தங்கியிருந்த வீட்டின்மீது துப்பாக்கிக் குண்டுகள் பாய்ந்தன. அடுத்த ஜனவரியில் மறுபடியும் தேர்வெழுதித் தேறினார். அதன் பிறகும் வாக்களிக்கப் போனபோது, இரண்டு ஆண்டுகளுக்குத் தலைவரி கட்டிய ரசீது இல்லை என்று திருப்பி அனுப்பினார்கள். 1963 ஜூனில் வினோனா என்ற ஊரின் சிறையில் அவரை அடித்த அடியின் விளைவு, சாகும்வரை அவரது சிறுநீரகத்தில் இருந்தது. இவ்வளவுக்குப் பிறகும் 1964 ஆகஸ்ட் 22 அன்று ஜனநாயகக் கட்சி மாநாட்டுக் குழுவின் முன் அமர்ந்து, தொலைக்காட்சிக் கருவிகளுக்கு முன்னால், நடந்த அனைத்தையும் ஒன்று விடாமல் சொன்னார்.

வீட்டைப் பறித்ததோடு அவர்கள் நிற்கவில்லை, டீச்சர். பதிவு முயற்சி வலுத்த லெஃப்லோர் மாவட்டத்தில், 1962 இலையுதிர் காலத்தில், ஏழைகளுக்குக் கூட்டரசு வழங்கிவந்த உபரி உணவுப் பொருள்களை மாவட்ட நிர்வாகமே நிறுத்திவிட்டது. பருத்தி வேலை முடிந்து, குளிர்காலம் முழுவதும் அந்த மாவையும் அரிசியையும் நம்பியிருந்தவர்கள் 20,000-க்கும் மேற்பட்டோர். சம்பளம் போதாத மாதங்களில் கடைக்காரர் பற்று எழுத மறுத்தால் லயத்தில் என்ன நடக்கும் என்று உங்கள் பிள்ளைகளின் பாட்டிமாரைக் கேட்கச் சொல்லுங்கள்.

---

பதில் 3: சட்ட மாணவன், கோலாலம்பூர்

ஐயாவுக்கும் அக்காவுக்கும் வணக்கம். அக்கா எழுதியதைப் படித்துவிட்டு என் பாட்டியை நினைத்து நீண்ட நேரம் உட்கார்ந்திருந்தேன். ஆனாலும் வகுப்பில் இந்த ஒப்பீட்டைச் சொல்லும்போது ஓர் எல்லை வகுத்துக்கொள்வது நல்லது என்று பணிவோடு சொல்ல விரும்புகிறேன். வேலையும் வீடும் ஒரே கையில் இருந்தது என்ற அளவில் பருத்தித் தோட்டமும் நம் ரப்பர் தோட்டமும் ஒத்தவை. வாக்கைப் பொறுத்தவரை நம் கதை வேறு. 1955 ஜூலை 27 அன்று மலாயாவில் முதல் கூட்டரசுத் தேர்தல் நடந்தபோது தோட்டத் தமிழர்களில் மிகப் பலர் வாக்களிக்காததற்குக் காரணம், அவர்கள் குடிமக்களாக இல்லாததுதான். பிறகும் குடியுரிமை இல்லாதவர்களுக்கான சிவப்பு அடையாள அட்டையோடு வாழ்ந்து மறைந்த முதியவர்கள் நம் குடும்பங்களில் இருக்கிறார்கள். ஃபேனி லூ ஹேமரோ பிறப்பால் குடிமகள். அவரது குடியுரிமையை யாரும் மறுக்கவில்லை. குடிமகளாக ஒப்புக்கொண்டே வாக்கைப் பறித்தார்கள், பறிப்பதற்குச் சவுக்கையும் துப்பாக்கியையும் பயன்படுத்தினார்கள். 1964 ஜூன் 21 அன்று மிசிசிப்பியில் ஜேம்ஸ் சேனி, ஆண்ட்ரூ குட்மன், மைக்கேல் ஷ்வெர்னர் என்ற, கறுப்பின மக்களின் வாக்குரிமைக்காக உழைத்த மூன்று இளைஞர்கள் கொல்லப்பட்டு, 44 நாள் கழித்து ஒரு மண் அணைக்கு அடியிலிருந்து எடுக்கப்பட்டார்கள். இரு வரலாறுகளையும் ஒன்றாக்கிவிட்டால் இரண்டுக்கும் நாம் நியாயம் செய்தவர்களாக மாட்டோம்.

1965-ஆம் ஆண்டின் வாக்குரிமைச் சட்டம் எதை மாற்றியது என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும். அதற்கு முன்பும் 1957, 1960, 1964 ஆகிய ஆண்டுகளில் சட்டங்கள் வந்தன. அவற்றின்படி பாதிக்கப்பட்டவர் சார்பில் மாவட்டம் மாவட்டமாக வழக்குத் தொடுக்க வேண்டும். ஒரு தடையை நீதிமன்றம் நீக்குவதற்குள் மாநிலம் இன்னொரு தடையைப் போட்டுவிடும். 1965 ஆகஸ்ட் 6 அன்று அதிபர் ஜான்சன் கையெழுத்திட்ட சட்டம் இந்த ஓட்டத்தைத் திருப்பிப் போட்டது. தேர்வுகளைப் பயன்படுத்தி, பாதிக்கும் குறைவானவர்களே பதிந்த அல்லது வாக்களித்த மாநிலங்களில் எழுத்தறிவுத் தேர்வு உடனே நிறுத்தப்பட்டது. உள்ளூர்ப் பதிவாளர் மறுத்தால் கூட்டரசு அலுவலர்களே நேரில் வந்து பெயர்களைப் பதிந்தார்கள். அந்த மாநிலங்கள் தேர்தல் விதியில் எந்த மாற்றம் செய்ய விரும்பினாலும் முன்கூட்டியே வாஷிங்டனில் அனுமதி பெற வேண்டியிருந்தது; கெடுதல் இல்லை என்று மெய்ப்பிக்கும் பொறுப்பு மாநிலத்தின் தலையில் விழுந்தது. மிசிசிப்பியில் தகுதியுள்ள கறுப்பின மக்களில் 6.7 விழுக்காடாக இருந்த பதிவு, 1967-இல் 59.8 விழுக்காடாக உயர்ந்தது. செல்மாவில் மக்களை அடித்து விரட்டிய மாவட்டக் காவல் தலைவர் ஜிம் கிளார்க், 1966 தேர்தலில் அவர் விரட்டிய மக்களின் வாக்குகளாலேயே பதவியை இழந்தார்.

முன் அனுமதி எந்தெந்த மாநிலங்களுக்கு என்று வரையறுத்த சூத்திரத்தை 2013-இல் ஷெல்பி மாவட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் 5-க்கு 4 என்ற கணக்கில் செல்லாததாக்கிவிட்டது. அதனால் முன் அனுமதி முறை இப்போது செயலிழந்து கிடக்கிறது. மாணவர்களிடம் 1965-ஐக் கதையின் முடிவாகச் சொல்லிவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

---

கேள்வி கேட்டவர்: ஆசிரியை, பத்தாங் பெர்ஜுந்தை

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. தம்பி வகுத்த எல்லையை வகுப்பில் கட்டாயம் கடைப்பிடிப்பேன். அக்காவின் தகப்பனாரைப் பற்றிய பகுதியை, அனுமதி கிடைத்தால், பெயர் குறிப்பிடாமல் படித்துக் காட்ட விரும்புகிறேன்.

ஒன்று மட்டும் கேட்க வேண்டும். தேர்வு நேர்மையற்றது என்பது புரிகிறது. ஆனால் உண்மையிலேயே எழுதப் படிக்கத் தெரியாத பெரியவர்களும் அங்கே இருந்திருப்பார்கள் அல்லவா? அவர்கள் என்ன செய்தார்கள்?

---

பதில் 4: ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், கோல சிலாங்கூர்

இந்தக் கேள்வியை நீங்கள் கேட்டது எனக்கு மகிழ்ச்சி அளிக்கிறது. தென் கரோலினாவின் ஜான்ஸ் தீவில் ஈசா ஜென்கின்ஸ் என்பவர் வேலையாட்களைச் சார்ல்ஸ்டன் நகரத்துக்கு ஏற்றிச் செல்லும் பேருந்து ஒன்றை ஓட்டி வந்தார். போகும் வழியிலேயே பயணிகளுக்கு அரசியலமைப்புப் பகுதிகளைச் சொல்லிக்கொடுப்பார். அந்த முயற்சி வளர்ந்து, 1957 ஜனவரியில் ஒரு கூட்டுறவுக் கடையின் பின்னறையில் முதல் குடிமைப் பள்ளி தொடங்கியது. வெள்ளையர் கண்ணுக்கு அது மளிகைக் கடையாக மட்டும் தெரிந்தது. இதை வடிவமைத்த செப்டிமா கிளார்க், கறுப்பின உரிமைச் சங்கத்தில் உறுப்பினராக இருந்த காரணத்துக்காக 1956-இல் ஆசிரியர் பணியையும் ஓய்வூதியத்தையும் இழந்தவர். அவர் முதல் வகுப்பை நடத்தத் தேர்ந்தெடுத்தது தம் உறவினரான பெர்னிஸ் ராபின்சனை. அவர் முடி திருத்தும் நிலையம் நடத்தியவர், பயிற்சி பெற்ற ஆசிரியர் அல்லர். பெரியவர்களைத் தாழ்வாக நினைக்காமல் பேசத் தெரிந்தவர் வேண்டும் என்பது கிளார்க்கின் எண்ணம்.

முதல் வகுப்பில் பதினான்கு பேர். உங்களுக்கு என்ன கற்க வேண்டும் என்று ராபின்சன் அவர்களையே கேட்டார். அஞ்சல்வழிக் கொள்முதல் பாரம் நிரப்புவது, பணவிடைத் தாள் எழுதுவது, பிள்ளை அனுப்பிய கடிதத்தைப் படிப்பது, பிறகு வாக்காளர் பதிவுப் பாரம் என்று பாடம் அமைந்தது. கையெழுத்துப் போடத் தெரியாதவர்களுக்கு அட்டையில் அவரவர் பெயரைப் பெரிதாக எழுதிக் கொடுத்து, கை பழகும்வரை அதன்மீதே பென்சிலால் திரும்பத் திரும்ப எழுத வைத்தார்கள். பின்னாளில் மார்ட்டின் லூதர் கிங்கின் அமைப்பு இந்தப் பள்ளிகளை ஏற்று நடத்தியது. அவை தென் மாநிலங்கள் முழுவதும் பரவின.

---

பதில் 5: தோட்டத்துப் பிள்ளை

டீச்சர், தாராளமாகப் படித்துக் காட்டுங்கள். அட்டையைப் பற்றி ஐயா எழுதியதைப் படித்ததும் அலமாரியைத் திறந்து பார்த்தேன். என் அம்மா சம்பளப் புத்தகத்தில் பல ஆண்டுகள் கைநாட்டுதான் வைத்தார். நான் நான்காம் வகுப்பில் இருந்தபோது, பால் டின்னில் ஒட்டியிருந்த தாளின் பின்பக்கத்தில் அவர் பெயரை எழுதிக் கொடுத்தேன். இரவு மண்ணெண்ணெய் விளக்கடியில் அதன்மேலேயே எழுதி எழுதிப் பழகினார். கடைசி எழுத்து மட்டும் எப்போதும் கோட்டுக்குக் கீழே இறங்கிவிடும். அந்தத் தாள் இன்னும் என்னிடம் இருக்கிறது. சனிக்கிழமை மாலை நானும் மண்டபத்துக்கு வருகிறேன். பிள்ளைகள் பார்க்கும்படி அதை எடுத்து வருகிறேன்.